மலை திருப்பிச் சொன்ன பேர்

எனக்கு எழுத்து ஓடாது. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். அதற்குப் பிறகு சொந்தக்காரருக்குக் கடிதம் எழுதியதைத் தவிர வேறு பழக்கம் இல்லை. முன்னுக்குச் சொல்லவேண்டியதைப் பின்னுக்குச் சொல்லிவிடுவேன். சிலது மறந்தும் போய்விட்டது. வாசிப்பவர்கள் குறை நினைக்கவேண்டாம். எங்கள் முதியோர் ஒன்றுகூடலில் கனடாவில் கண்ட அதிசயம் ஒன்றை எழுதித் தரும்படி கேட்டார்கள். மற்றவர்கள் நயாகராவைப் பற்றி எழுதுவார்கள். நான் ரொறன்ரோவுக்கு வடக்கே, ஒரு பெரிய ஏரிக்கரையில் இருக்கும் மலைநாட்டைப் பற்றி எழுதுகிறேன்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. நாங்கள் ஸ்காபரோவில் மகளோடு இருந்தோம். விடிந்தால் மகளும் மருமகனும் வேலைக்குப் போய்விடுவார்கள், பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய்விடுவார்கள். உயரத்து மாடியில் நானும் இவரும்தான். இவர் என்று நான் எழுதுவது என் கணவரை. ஊரில் தோட்டக்காரர். வெங்காயம், உருளைக்கிழங்கு, புகையிலை எல்லாம் வைத்தவர். சும்மா இருக்கச் சொன்னால் சுகமில்லாமல் போய்விடும் மனுஷன். அதனால் எங்களைப்போல வயது போனவர்களைத் தன் வான் வண்டியில் ஏற்றிக்கொண்டு தோட்ட வேலைக்குப் போகிற ஒரு தம்பியோடு நாங்களும் போகத் தொடங்கினோம். கோடையில் ஸ்ரௌவ்வில் பக்கம் ஸ்ரோபெரிப் பழம் பிடுங்கினோம், பிறகு பீன்சும் மிளகாயும் ஆய்ந்தோம். அந்தப் பக்கமெல்லாம் தட்டை நிலம். கண்ணுக்குப் பழக்கமான நிலம்.

ஓர் இலையுதிர் காலத்தில் வான்காரத் தம்பி கேட்டார்.

"அன்ரி, வடக்கை மலைப்பக்கம் அப்பிள் ஆய ஆக்கள் காணாதாம். தங்க வீடும் தருவினமாம். வாறியளோ?"

"மலையோ?" என்று இவர் கேட்டார். கேட்ட விதத்திலேயே போகப்போகிறோம் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

எங்கள் யாழ்ப்பாணத்தில் மலை இல்லை. ஆறும் இல்லை. கீரிமலை என்று பேர் இருக்கிறது, போய்ப் பார்த்தால் கேணியும் கடலும்தான். கண்டிப்பக்கம் நாங்கள் போனதில்லை. பள்ளிக்கூடத்தில் மலை கீறச் சொன்னால் இரண்டு முக்கோணம் கீறி நடுவில் சூரியனை வைப்போம். எனக்கும் இவருக்கும் தெரிந்த மலை அவ்வளவுதான்.

வான் வெளிக்கிடும்போது இன்னும் விடியவில்லை. நான் நித்திரையாகிவிட்டேன். கண் விழித்தபோது பாய்க்குக் கீழே ஆரோ படுத்திருப்பதுபோல நிலம் அங்கங்கே புடைத்துக்கொண்டு கிடந்தது. வான் ஏறியது, இறங்கியது, திரும்பவும் ஏறியது. பக்கத்தில் இருந்த அக்கா, எங்களோடு எப்போதும் வேலைக்கு வருகிறவர், வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "தம்பி, ஒரு பக்கமா ஓடுமன் ராசா, ஏன் இப்பிடி ஊஞ்சல் ஆட்டுறீர்?" என்றார். கடைசியாக ஒரு மேட்டில் ஏறி இறங்கினதும் முன்னால் நீலமாக விரிந்தது.

"கடல்!" என்று கத்திவிட்டேன். ஆட்களுக்கு முன்னால் வாய் திறக்காத நான்.

கரையில் வானை நிறுத்திச் சாப்பிட்டோம். அலை அடித்தது. கடற்காகங்கள் பறந்தன. அக்கரை என்று ஒன்று தெரியவே இல்லை. கடலைக் கண்டால் கொஞ்சம் அள்ளித் தலையில் தெளிப்பது எங்கள் வழக்கம். அப்படி அள்ளித் தெளித்தபோது ஒரு துளி வாயில் பட்டது. நான் திரும்ப அள்ளி நக்கிப் பார்த்தேன்.

"இஞ்சேருங்கோ, உப்பில்லை" என்றேன்.

இஞ்சேருங்கோ என்றால் இங்கே பாருங்கள் என்பது, இவரை நான் அப்படித்தான் கூப்பிடுவேன். இவர் வந்து குனிந்து ஒரு கை குடித்தார். பிறகு இன்னொரு கை. எங்கள் வீட்டுக் கிணறு உவர். நல்ல தண்ணீருக்கு அடுத்த ஒழுங்கைக்குக் குடம் கொண்டு போகவேண்டும். வெயில் காலத்தில் அந்தக் கிணற்றடியில் பெண்கள் சண்டை பிடிப்பார்கள். இங்கே கண் போகிற தூரம் முழுக்க நல்ல தண்ணீர் கிடந்து சும்மா கரையில் அடிக்கிறது. காவலும் இல்லை, வேலியும் இல்லை.

"உதுக்கு ஒரு மிசின் வைச்சால் யாழ்ப்பாணம் முழுக்க இறைக்கலாம்" என்றார் இவர். மிசின் என்று ஊரில் சொல்லுவது தண்ணீர் இறைக்கும் இயந்திரத்தை. அன்று பின்நேரம் வரைக்கும் அவர் வேறு கதை கதைக்கவில்லை.

அந்த இடத்தின் அமைப்பைச் சொல்லவேண்டும். ஏரிக்குப் பக்கத்தில் ஒடுக்கமான ஒரு துண்டு நிலம். அதில் முழுக்க அப்பிள் தோட்டம். அதற்குப் பின்னால் மலை, மதில் கட்டினதுபோல எழும்பி நிற்கும். நடுவில் ஓரிடத்தில் அந்த மதில் பிளந்து பள்ளத்தாக்கு ஒன்று உள்ளே போகும். அதன் வாசலில்தான் எங்கள் தோட்டம். பண்ணைக்காரர் நல்ல உயரம், குளிரில் காது இரண்டும் சிவந்து இருக்கும், அதிகம் கதையாதவர். ஏன் இந்த இடத்தில் மட்டும் இவ்வளவு அப்பிள் என்று இவர் கேட்கச் சொல்ல, தம்பி கேட்டார். கோடை வெயிலை ஏரி தன் வயிற்றுக்குள் வைத்திருந்து பனிக்காலம் தொடங்கும்போது மெல்ல மெல்ல விடுமாம், மலை காற்றை மறிக்குமாம். இரண்டுக்கும் நடுவில் அப்பிள் சுகமாக இருக்குமாம். "பேறு பாத்த வீடு மாதிரி" என்றார் அக்கா, பிள்ளை பெற்ற வீட்டைக் காற்றுப் படாமல் சூடாக வைத்திருப்பதை நினைத்து.

நாங்கள் போனபோது மலை முழுதும் இலை நிறம் மாறியிருந்தது. சிவப்பு, மஞ்சள், நடுவில் கரும்பச்சை. காலையில் ஏரியிலிருந்து புகார், அதுதான் பனிமூட்டம், எழும்பி வந்து மரங்களை மூடும். ஏணியில் நின்றால் நான் மட்டும் மேகத்துக்கு மேலே நிற்பதுபோல இருக்கும். கழுத்தில் கொழுவிய பையில் அப்பிளைப் போடுவதை விட்டுவிட்டுப் பார்த்துக்கொண்டு நின்றுவிடுவேன். அப்பிளை இழுத்துப் பிடுங்கக்கூடாது, காம்போடு மேலே திருப்பி எடுக்கவேண்டும். அது கை பழகினபிறகு கண்ணுக்கு வேலை இல்லை. அதனால் பார்க்கலாம்.

அந்த ஊர்ச் சனமும் எனக்கு அதிசயம்தான். றோட்டில் போகிற உழவு ரக்ரர்க்காரர், கார்க்காரர், ஆர் எங்களைக் கண்டாலும் கை தூக்கிக் காட்டுவார்கள். எங்களைத் தெரிந்துதான் காட்டுகிறார்கள் என்று முதலில் நினைத்தேன். தெருவோரத்தில் மேசை போட்டுப் பூசணிக்காயும் தேனும் வைத்திருக்கும், பக்கத்தில் ஆள் இராது, ஒரு தகரப் பேணி மட்டும் இருக்கும். எடுப்பவர்கள் காசைப் பேணியில் போட்டுவிட்டுப் போவார்கள். அக்கா மூன்று நாளாக அந்த மேசைக்காரர் எங்கேயாவது ஒளித்திருந்து பார்க்கிறாரோ என்று தேடினார்.

இவருக்கு மலைதான் யோசனை. சாப்பிடும்போதும் அதைத்தான் பார்ப்பார்.

"தம்பி, உந்த மலைக்கு அங்காலை என்ன கிடக்கு?"

"கனடாதான் அங்கிள்."

"பகிடி விடாதையும். ஏறினால் அங்காலை இறக்கம் இருக்கத்தானே வேணும்? இறங்கினால் அங்கையும் தண்ணி இருக்கும். நான் சொல்லுறன், இருந்து பாரும்."

"இறங்கிப்போட்டுத் திரும்ப ஏறோணும் அங்கிள். உங்கடை முழங்கால் அதுக்கு ஓம் சொல்லுமே?"

இவர் சிரித்தார். அதோடு விட்டுவிட்டார் என்று நான் நினைத்தேன்.

ஒரு நாள் மத்தியானம் சாப்பாட்டுக்குப் பண்ணைக்காரர் ஹோண் அடித்தார். எல்லாரும் வந்தோம், இவர் வரவில்லை. போய்ப் பார்த்தேன். ஏணி மரத்தில் சாத்தியபடி இருந்தது. பை கிளையில் தொங்கியது. இவருடைய சாப்பாட்டுப் பெட்டி தொடாமல் கிடந்தது. அதை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டேன். இவருக்குச் சீனி வருத்தம். காலையில் ஊசி போட்டால் நேரத்துக்குச் சாப்பிடவேண்டும். சாப்பிடாவிட்டால் நடுங்கும், தலை சுற்றும், விழுந்துவிடுவார். ஒருமுறை வீட்டில் அப்படி விழுந்து அம்புலன்ஸ் வந்தது. வீடு என்றபடியால் ஆள் தப்பினது.

தோட்டம் முழுக்கத் தேடினோம். "இஞ்சேருங்கோ, இஞ்சேருங்கோ" என்று நான் வரிசை வரிசையாக ஓடினேன். தோட்டத்தின் கடைசிக் கம்பிவேலிக்குப் பக்கத்தில் அக்கா நின்று கை காட்டினார். வேலிக்கு அங்காலே ஒற்றையடிப் பாதை. புது மண்ணில் சப்பாத்துக் காலடித் தடம். மலையைப் பார்த்துப் போயிருந்தது.

பண்ணைக்காரர் தன் வீட்டுச் சமையல் குசினியில் ரெலிபோனைக் கையில் எடுத்துக்கொண்டு தம்பியிடம் ஏதோ கேட்டார். தம்பி என்னிடம் திரும்பினார்.

"அன்ரி, பொலிசுக்குச் சொல்ல வேணும். அங்கிளின்ரை பேரென்ன?"

நான் நிலத்தைப் பார்த்தேன்.

எங்கள் ஆட்களில் பெண்சாதி புருஷன் பேரைச் சொல்லுவதில்லை. சொன்னால் அவருடைய ஆயுள் குறையும் என்று அம்மா சொல்லித்தான் என்னைக் கட்டிக்கொடுத்தார். இன்றைய பிள்ளைகளுக்கு இது சிரிப்பாக இருக்கும். நான் ஒரு நாளும் சொன்னதில்லை. விமான நிலையத்தில் வெள்ளைக்கார அதிகாரி கேட்டபோதும் மகள்தான் முந்திக்கொண்டு சொன்னாள்.

"என்ன தம்பி, இவ்வளவு காலம் ஏத்தி இறக்கிறீர், உமக்குத் தெரியாதே?" என்றார் அக்கா.

"எனக்கு அங்கிள்தானே அன்ரி. உங்களுக்குத் தெரியுமோ?"

"எனக்கு அண்ணை."

"அப்ப அன்ரிதான் சொல்லோணும். சொல்லுங்கோ அன்ரி, அந்தாள் போனோடை நிக்குது."

"சுவாமியின்ரை பேர் தம்பி" என்றேன் மெல்ல.

"எந்தச் சுவாமி? இருக்கிற சுவாமி எல்லாரையும் காணேல்லை எண்டு பொலிசுக்குச் சொல்லேலுமே?"

"என்ரை காதுக்கையாவது சொல்லடி" என்று அக்கா தலையைச் சாய்த்துக்கொண்டு வந்தார். நான் வாயைத் திறந்தேன். காற்றுத்தான் வந்தது. மகளுக்கு அடித்துப் பார்த்தார்கள். அவள் வேலையில், எடுக்கவில்லை. பேரில்லாமல் ஒரு வயது போன தமிழ் ஆள் என்று தம்பி பொலிசுக்குச் சொன்னார். பொலிஸ் தூரத்து ஊரிலிருந்து வரவேண்டுமாம், நேரம் எடுக்குமாம். பண்ணைக்காரர் ஒன்றும் விளங்காமல் எங்களை மாறி மாறிப் பார்த்தார். பிறகு வெளியே கையைக் காட்டித் தன் பிக்கப் வண்டியில் ஏறச் சொன்னார். இவர் வந்தால் மறிக்க அக்கா தோட்டத்தில் நின்றார். நான் இவருடைய சாப்பாட்டுப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ஏறினேன்.

பிக்கப் வளைந்து வளைந்து மேலே போனது. காது இரண்டும் அடைத்தது. எனக்கும் ஏதோ வருத்தம் வந்துவிட்டது என்று பயந்தேன். "உயரம் அன்ரி, எச்சிலை விழுங்குங்கோ" என்றார் தம்பி. உச்சிக்குப் பக்கத்தில் ஒரு பாறை வெளியே நீட்டிக்கொண்டு நின்றது. அங்கே நிறுத்தினார்கள். அங்கிருந்து பார்த்தால் எல்லாம் தெரியுமாம்.

இறங்கிப் போய் நின்றேன். அந்த நேரத்திலும், அந்தப் பதற்றத்திலும், நான் கண்டதை மறக்கவில்லை. கடவுள் பார்க்கிற இடத்தில் என்னை நிறுத்தினதுபோல இருந்தது. கீழே எங்கள் அப்பிள் தோட்டம் மணி மணியாகக் கோலம் போட்டதுபோலக் கிடந்தது. நாங்கள் தங்கிய வீடு நெருப்புப் பெட்டி அளவு. அதற்கு அங்காலே ஏரி, ஒரு சுருக்கம் இல்லாமல், வானம் எங்கே தொடங்குகிறது என்று பிரிக்க முடியாமல். பருந்து ஒன்று எனக்குக் கீழே பறந்தது. பருந்தின் முதுகை நான் அதுவரை கண்டதில்லை. பள்ளத்தாக்குக்கு அங்காலே இன்னொரு மலை, நெற்றியில் வெள்ளைக் கல் தெரிய எங்களைப் பார்த்து நின்றது. நடுவில் முழுக்கக் காடு. இதற்குள் ஒரு மனுஷனை எங்கே தேடுவது?

பண்ணைக்காரர் வாயில் இரண்டு கையையும் குவித்து "ஹலோ" என்று கூப்பிட்டார். கொஞ்சம் பொறுத்து அங்காலே இருந்து "ஹலோ" என்று வந்தது. நான் இவர்தான் பதில் சொல்கிறார் என்று துள்ளினேன். தம்பி தலையை ஆட்டினார்.

"மலை அன்ரி. எதிரொலி. நீங்கள் கூப்பிடுங்கோ. உங்கடை குரல் அங்கிளுக்குத் தெரியும்."

"இஞ்சேருங்கோ!" என்று கூப்பிட்டேன்.

"...ருங்கோ" என்றது மலை.

அந்த இக்கட்டிலும் தம்பிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "அங்காலை ஒரு மனுசி நிண்டு தன்ரை புருஷனைத் தேடுறா போலை கிடக்கு அன்ரி."

அவர் பகிடியாகச் சொன்னார். ஆனால் எனக்கு அது சரியாகப் பட்டது. உலகத்தில் எந்த மனுஷியும் எந்த மனுஷனையும் அப்படிக் கூப்பிடலாம். மரத்துக்குக் கீழே நடுங்கிக்கொண்டு கிடப்பவருக்கு அது தனக்குத்தான் என்று எப்படித் தெரியும்? ஆயுள் குறைவது பிறகு. குறைவதற்கு முதலில் ஆள் இருக்கவேண்டும்.

நான் பாறையின் விளிம்புக்குப் போனேன். தம்பி என் சுவெற்றரைப் பின்னால் பிடித்துக்கொண்டார். கண்ணை மூடிக்கொண்டு இவருடைய பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன். தகப்பன் பேரையும் சேர்த்து முழுக்க. எனக்குள் அவ்வளவு சத்தம் இருந்தது எனக்கே தெரியாது.

மலை அதை வாங்கி வைத்துக்கொண்டதுபோல ஒரு அமைதி. பிறகு அந்தப் பேர் திரும்பி வந்தது. என் குரலில் இல்லை. கல்லுக்குக் குரல் இருந்தால் எப்படி இருக்கும், அப்படி. முதலில் எதிர்மலை சொன்னது. பிறகு உள்ளே இன்னொரு மலை, மெல்ல. பிறகு எங்கோ தூரத்தில், ஏரிப்பக்கமாக, பாதிப் பேர் மட்டும். கலியாணம் கட்டி இவ்வளவு காலம் நாக்குக்குக் கீழே நான் ஒளித்து வைத்திருந்ததை அந்த ஊர் மலையெல்லாம் வாய் விட்டுச் சொன்னது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. கோயிலில் கற்பூரம் காட்டும்போதுகூட எனக்கு அப்படி வந்ததில்லை. திரும்பவும் கூப்பிட்டேன். தேடுவதற்காகவும் கூப்பிட்டேன், அது திரும்பி வருவதைக் கேட்பதற்காகவும் கூப்பிட்டேன். பேர் தெரிந்ததும் பண்ணைக்காரரும் கூப்பிட்டார். அவருடைய நாக்கில் அது வேறு ஆரோ ஒரு வெள்ளைக்காரரின் பேர்போல இருந்தது. தம்பி மரியாதை விடாமல், பேருக்குப் பின்னால் அங்கிள் சேர்த்துக் கூப்பிட்டார்.

பதில் வரவில்லை. பிக்கப்பில் ஏறி இன்னும் மேலே போனோம்.

மேலே போனதும்தான் இவர் விட்ட பிழை விளங்கியது. மலைக்கு அங்காலைப் பக்கம் என்று ஒன்றும் இல்லை. உச்சி என்று நாங்கள் கீழே நின்று பார்த்தது ஒரு பெரிய மேசையின் விளிம்பு. மேலே தட்டையாக, எங்கள் ஊர்த் தோட்டவெளிபோல, வயலும் வீடும் மாடும் போய்க்கொண்டே இருந்தது. வயல் ஓரமெல்லாம் வெள்ளைக் கல் பொறுக்கிக் குவித்திருந்தார்கள். எங்கள் ஊரில் கிணறு வெட்டினால் வருமே, அதே சுண்ணாம்புக் கல். இறக்கம் வரும் வரும் என்று நடந்தால் ஒருவர் நடந்துகொண்டே இருக்கவேண்டியதுதான்.

ஒரு திருப்பத்தில், காடு முடிகிற இடத்தில், உருளைக்கிழங்கு கிண்டிய வயல். றோட்டோரம் ஒரு கிழவரும் கிழவியும் நின்றார்கள். அவர்களுக்கு நடுவில், கவிழ்த்த மரப்பெட்டியில், தோளில் கட்டம் போட்ட கம்பளி போர்த்தபடி இவர். கையில் ஜாம் பூசிய பாண்.

நான் பிக்கப்பிலிருந்து இறங்கி ஓடினேன். இவருக்கு முன்னால் மண்ணில் அப்படியே குந்திவிட்டேன்.

"நீர் ஏன் இஞ்சை வந்தனீர்?" என்று கேட்டார் இவர்.

"சாப்பாடு கொண்டு வந்தனான்" என்றேன். பெட்டி கையில்தான் இருந்தது.

நடந்ததை அவர் பாணைத் தின்று தின்று சொன்னார். இறக்கத்தைத் தேடிக் காட்டுக்குள் நடந்தாராம். தலை சுற்றியதாம். ஒரு மரத்தடியில் இருந்துவிட்டாராம், எழும்ப மனமில்லாமல் நித்திரை வரப் பார்த்ததாம்.

"அப்பதான் ஆரோ என்ரை பேரைச் சொல்லிக் கூப்பிட்டது. எமன்தான் வந்திட்டான் எண்டு நினைச்சன். பிறகு பாத்தால் பொம்பிளைக் குரல். இந்த நாட்டிலை ஆர் பொம்பிளை எனக்குப் பேர் சொல்லிக் கூப்பிடுறது எண்டு பாக்க எழும்பினன். சத்தம் வந்த பக்கம் நடந்தன். இந்த வயல் வந்திட்டுது."

"அது நான்தான்" என்றேன்.

பாண் பாதி வழியில் நின்றது. "நீரோ?"

"ஓம்."

"முழுப் பேருமோ?"

"ஓம். முழுக்க."

இவர் என்னைப் பார்த்தார். பிறகு குனிந்து மிச்சப் பாணைத் தின்றார். காதுவரை சிவந்திருந்தது. குளிராகவும் இருக்கலாம்.

அந்தக் கிழவருக்கும் சீனி வருத்தமாம். இவர் நடுங்கிக்கொண்டு காட்டுக்குள்ளிருந்து வந்ததைக் கண்டதும் கிழவி ஒன்றும் கேட்காமல் வீட்டுக்கு ஓடி ஜாமும் பாணும் கொண்டு வந்தாராம். நான் கிழவியின் கையைப் பிடித்தேன். மண் ஒட்டின கை, என் கைபோலவே வெடித்த கை. இரண்டு பேரும் கையை விடாமல் கொஞ்ச நேரம் நின்றோம். கிழவர் வயலோரத்துக் கல்லொன்றை எடுத்து இவருக்குக் காட்டினார். கல்லுக்குள் சிப்பி பதிந்து இருந்தது. வரி வரியாக, நேற்றுக் கரையில் பொறுக்கினதுபோல.

"இந்த இடம் ஒரு காலம் கடலுக்கடியிலை கிடந்ததாம் அங்கிள்" என்றார் தம்பி.

"மலைக்கு மேலையோ?" என்றார் இவர். கல்லைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எனக்கும் தந்தார். கடல் என்று நான் கத்தினது நல்ல தண்ணீர் ஏரி. கடல் இருந்த இடம் இந்த மலை உச்சி. எனக்குப் படிப்பில்லை, அதனால் இதை எப்படி நினைப்பதென்று தெரியவில்லை. கல்லைக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன்.

ஆள் கிடைத்துவிட்டது என்று தம்பி பொலிசுக்கும் மகளுக்கும் போன் அடித்தார். அன்று பின்நேரமே மகள் வந்து ஏசி ஏசி எங்களை ஸ்காபரோவுக்குக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள். அதற்குப் பிறகு வானில் போக விடவில்லை. அந்தப் பேரை நான் பிறகு சொல்லவில்லை, இங்கே எழுதவும் மாட்டேன். இவருடைய ஆயுள் குறைந்ததாகவும் தெரியவில்லை. நான் இதை எழுதும்போது பக்கத்தில் இருந்து அவரைக்காய் நாரை உரித்துக்கொண்டிருக்கிறார்.

இதை அச்சில் போடுவதற்கு முதல் தெரிந்தவர்கள் யாராவது சரிபார்க்கவேண்டும். நாங்கள் நின்ற பாறைக்கும் அந்த உருளைக்கிழங்கு வயலுக்கும் நடுவில் நல்ல தூரம். ஒரு மனுஷியின் குரல் அவ்வளவு தூரம் போகுமோ, அல்லது மலை கைமாற்றிக் கைமாற்றிக் கொடுத்ததோ, எனக்குத் தெரியாது. ஏரியின் பேரையும் அந்த ஊரின் பேரையும் நான் மறந்துவிட்டேன். வான்காரத் தம்பி இப்போது ஒஷாவாவில் இருக்கிறாராம், அவரைக் கேட்டால் சொல்லுவார். இவரைக் கேட்கவேண்டாம். தான் தொலையவே இல்லை என்று சொல்லுவார்.